மந்தையைப் பிள்ளைகளுக்கு விட்டுவையுங்கள்

தமிழ்நாட்டின் ஊராட்சி மன்றத் தலைவர்களுக்கும், வார்டு உறுப்பினர்களுக்கும், தேர்தல் நடக்காத இடங்களில் பொறுப்பில் இருக்கும் தனி அலுவலர்களுக்கும்,

வணக்கம்.

கோரிக்கையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உங்கள் ஊரில் மாடுகள் கூடும் பொதுவெளியான மந்தையோ, பொட்டலோ, கதிரடிக்கும் களத்துமேடோ இன்னும் காலியாகக் கிடந்தால், அதில் அடுத்த கட்டடம் எழும்புவதற்கு முன் கிராம சபையில் ஒரு தீர்மானம் போடுங்கள். இந்த இடம் ஊர்ப் பிள்ளைகள் விளையாடும் இடம், வேறு எதற்கும் கொடுக்கப்படாது என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். மற்றதை அதற்குப் பிறகு பேசிக்கொள்ளலாம்.

நான் சிவகங்கை மாவட்டத்தில் ஒரு கண்மாய்க்கரை ஊரில் எண்பதுகளில் வளர்ந்தவள். அண்ணன் குடும்பம் இன்றும் அங்கேதான் இருக்கிறது. எங்கள் ஊர் மந்தை எப்படிக் காணாமல் போனது என்பதை ஒவ்வொரு முறை ஊருக்குப் போகும்போதும் பார்த்து வந்திருக்கிறேன். யாரும் அதை ராத்திரியோடு ராத்திரியாக வளைத்துப்போடவில்லை. முதலில் மேல்நிலைத் தொட்டி வந்தது. தண்ணீர் வேண்டும்தானே. அப்புறம் நியாயவிலைக் கடை. அப்புறம் சமுதாயக்கூடம். அதற்கடுத்து சேவை மையக் கட்டடம், அதைச் சுற்றி ஒரு சுவர். மிச்சம் இருந்த மூலையில் நிழற்குடை. ஒவ்வொன்றும் ஊருக்குத் தேவையான கட்டடம்தான், ஒன்றையும் வேண்டாம் என்று சொல்ல முடியாது. ஆனால் ஒவ்வொரு தடவையும் ‘இடம் எங்கே இருக்கிறது?’ என்று கேள்வி வந்தபோது ‘மந்தை சும்மாதானே கிடக்கிறது’ என்பதே பதிலாக இருந்தது.

சும்மா கிடந்ததா? அந்த இடத்தில் ஒரு நாளில் என்னென்ன நடந்தது என்று சொல்கிறேன். உங்களில் பலருக்கு இது தெரியாத கதை இல்லை. நீங்களும் அங்கேதான் வளர்ந்திருப்பீர்கள். ஆனாலும் ஒரு கட்டட வரைபடத்துக்கு ஒப்புதல் கொடுக்கும் நேரத்தில் இதெல்லாம் யார் நினைவுக்கும் வருவதில்லை என்பதால் எழுதுகிறேன்.

விடிந்ததும் மந்தையில் மாடுகள் வந்து நிற்கும். வீட்டு மாட்டை அவிழ்த்துக்கொண்டு போய் அங்கே சேர்ப்பது ஆறேழு வயதுப் பிள்ளையின் வேலை. மேய்க்கிறவர் வந்து ஓட்டிக்கொண்டு போகும் வரை மாடுகளுக்கு நடுவில் நிற்போம். எது யார் வீட்டு மாடு, எது முட்டும், எது சினையாக இருக்கிறது என்பதெல்லாம் எழுத்துக் கூட்டிப் படிப்பதற்கு முன்பே எங்களுக்குத் தெரியும். மாடுகள் போனதும் சாணி பொறுக்கப் பெண்பிள்ளைகளுக்குள் போட்டி. சாணியைச் சுற்றிக் குச்சியால் ஒருத்தி கோடு போட்டுவிட்டால் அது அவளுக்கு. கூடையோடு அடுத்து ஓடி வருகிறவள் அதைத் தொடமாட்டாள். பெரியவர்கள் யாரும் வந்து தீர்ப்புச் சொல்ல வேண்டியதில்லை.

பள்ளிக்கூடம் விட்டதும் மந்தை வேறு இடமாகிவிடும். ஒரு பக்கம் கிட்டிப்புள். ஒரு பக்கம் சடுகுடு, பெரிய பையன்களுக்கு. கோயில் சுவரை ஒட்டிக் கோலி. சின்னப் பெண்கள் சில்லுக் கோட்டைக் கிழித்துக்கொண்டு ஒற்றைக் காலில் தாண்டுவார்கள். அரசமரத்தடிப் பலகைக் கல்லில் ஆடுபுலி ஆட்டத்துக்கான கட்டம் உளியால் கொத்தியே இருந்தது. தாத்தாக்கள் மூன்று புலியும் பதினைந்து ஆடுமாக வைத்து ஆடிக்கொண்டிருக்க, நான்கைந்து பையன்கள் தோளுக்கு மேல் எட்டிப் பார்த்துக்கொண்டு நிற்பார்கள். புலியை எப்படி மடக்குவது என்பதை யாரும் யாருக்கும் பாடம் நடத்தவில்லை. ஒரு நாள் தாத்தா எழுந்து தண்ணீர் குடிக்கப் போகும்போது ‘நீ ஒரு கை ஆடுடா’ என்பார். அன்றைக்குத் தெரிந்துவிடும், அந்தப் பையன் இத்தனை நாள் பார்த்ததில் என்ன கற்றுக்கொண்டான் என்று.

நிலா வெளிச்சத்தில் கிளித்தட்டு. அம்மாக்கள் வாசலில் நின்று கத்திக் கூப்பிடும் வரை யாரும் வீட்டுக்குப் போவதில்லை.

விளையாட்டுகளுக்குப் பருவம் இருந்தது. அதை இன்று யோசித்தால் ஆச்சரியமாக இருக்கிறது. ஆடிக் காற்றில் பட்டம். ஐப்பசி, கார்த்திகையில் மழை பெய்து கண்மாய் பெருகினால் தண்ணீர் விளையாட்டு. கார்த்திகைத் தீபத்துக்கு ஆண்பனையின் பூவைச் சுட்டுக் கரியாக்கி, இடித்துத் துணியில் பொட்டலமாகக் கட்டி, பனை மட்டைக்கு நடுவில் வைத்து, நெருப்புப் பொறி வட்டமாகத் தெறிக்க மாவலி சுற்றுவோம். அதற்கு நாலு பக்கமும் வீடில்லாத வெட்டவெளி வேண்டும். தை அறுப்பு முடிந்ததும் மந்தை போதாமல் தாள் நிற்கும் வயலும் எங்களுடையதாகிவிடும். சித்திரையில் நுங்கு வெட்டினால் அன்று மாலையே நுங்கு வண்டிகள் ஓடும். கண்மாய் வற்றி, ஊர் கூடி மீன் பிடிக்கிற நாளில் பெரியவர்கள் மீன் பிடிக்கும் ஊத்தாக் கூடையோடு சேற்றில் இறங்குவார்கள். எங்களுக்குக் கரையோரத்துக் குரவையும் கெளுத்தியும். கெளுத்தி முள் குத்தி வீங்கிய கையோடு திரிந்த பிள்ளைகள் ஏராளம். பம்பரம் எந்த மாதத்தில் வரும், கோலி எப்போது போகும் என்பது மட்டும் இன்று வரை எனக்குப் புரியவில்லை. ஒரு நாள் காலையில் ஊரே பம்பரத்தோடு நிற்கும். ஒரு நாள் அத்தனை பம்பரமும் பரணுக்குப் போய்விடும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். உடல்நலம், உடற்பயிற்சி என்று பேசும்போது இது விட்டுப்போய்விடுகிறது. ஆட்டத்துக்கு ஆள் பிரிக்கும்போது நாலு வயதுத் தம்பியை இடுப்பில் தூக்கிக்கொண்டு வந்த அக்கா என்ன செய்வாள்? தம்பியையும் ஆட்டத்தில் சேர்த்துக்கொள்வோம், ஒப்புக்குச் சப்பாணியாக. அவனும் ஓடுவான், அவனையும் துரத்துவோம், தொட்டாலும் அவுட் இல்லை. அடுத்த வருஷம் அவன் சண்டை போடுவான், ‘என்னையும் கணக்கில் எடுங்க’ என்று. சரி என்று எடுத்துக்கொள்வோம். அன்றைக்கு அவன் பெரிய பையன். இப்படி நாலு வயதும் பதினாலு வயதும் ஒரே ஆட்டத்தில் இருக்கும். பெரியவன் பலமாக அடிக்கக் கூடாது, சின்னவனுக்கு ஒரு தடவை கூடுதலாக வாய்ப்பு உண்டு என்பதெல்லாம் நாங்களே பேசி வைத்த சட்டம். சண்டை வந்தால் காய் விடுவது, இரண்டு நாள் கழித்துப் பழம் விடுவது, இதற்கும் நடுவர் கிடையாது. வகுப்பு வாரியாகப் பிரித்து உட்காரவைக்கும் பள்ளிக்கூடத்தில் இது நடக்காது. பயிற்சியாளர் விசில் ஊதும் மைதானத்திலும் நடக்காது. பல வயதுப் பிள்ளைகள் பெரியவர்களின் பார்வைக்குள், ஆனால் அவர்களின் கட்டளைக்கு வெளியே கூடிக்கொள்ள ஒரு பொது இடம் இருந்தால் மட்டுமே நடக்கும்.

அந்த இடம் போனதும் இன்று என்ன ஆகியிருக்கிறது? எங்கள் ஊர் நிழற்குடையில் சாயங்காலம் நாலைந்து பையன்கள் ஒரே போனைச் சுற்றிக் குனிந்து உட்கார்ந்திருக்கிறார்கள். ஓடியாட நினைக்கிற சிறுசுகள் தார்ச்சாலையில் ஓடுகின்றன. அந்தச் சாலையில்தான் மண் லாரிகளும் போகின்றன. பெண்பிள்ளைகளை வெளியில் காணவே முடியவில்லை. ‘இந்தக் காலத்துப் பிள்ளைங்க போனை விட்டு எழுந்திரிக்கிறதே இல்ல’ என்று பெரியவர்கள் குறை சொல்லும்போது எனக்குக் கோபம் வருகிறது. எழுந்து எங்கே போவார்கள் என்று யாராவது யோசித்தோமா?

பழைய காலமெல்லாம் பொற்காலம் என்று சொல்ல வரவில்லை. எங்களோடு மந்தையில் நின்ற பிள்ளைகளில் சிலர் மாடுகளோடு அப்படியே காட்டுக்குப் போய்விடுவார்கள், பள்ளிக்கூடம் பக்கம் வந்ததே இல்லை. அதே காலத்தில் சாத்தூர், சிவகாசிப் பக்கத்துக் கிராமங்களில் விடியுமுன்பே வண்டி வந்து தீப்பெட்டி ஆலைகளுக்குப் பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு போனது. குழந்தைத் தொழிலாளர் சட்டம் வந்தது 1986-ல். 1982-ல் சத்துணவு விரிந்த பிறகுதான் எங்கள் வகுப்பில் பல முகங்கள் தினமும் தென்பட ஆரம்பித்தன. 2022-ல் காலை உணவும் வந்துவிட்டது. இவையெல்லாம் அரசும் ஊரும் சேர்ந்து பிள்ளைகளுக்குச் செய்த பெரிய காரியங்கள். இன்றைய பிள்ளைக்கு வயிற்றுக்குச் சோறும் நடக்கிற தூரத்தில் பள்ளியும் இருக்கிறது. நாங்கள் அனுபவித்த ஒன்றே ஒன்று மட்டும் அவர்களிடம் இல்லை. அதைக் கொடுக்கப் பெரிய செலவுகூடக் கிடையாது, விட்டுவைத்தால் போதும்.

மந்தை எல்லோருக்கும் பொதுவாக இருந்ததா என்ற கேள்வியையும் தாண்டிப் போக முடியாது. எங்கள் மந்தையில் ஆடிய அத்தனை பேரும் ஊர்த்தெருப் பிள்ளைகள். காலனிப் பிள்ளைகள் கண்மாய்க்கு அந்தப் பக்கம் இருந்த பொட்டலில் ஆடினார்கள். அவர்களை எங்கள் ஊருணியில் கால் வைக்க விடவில்லை. வகுப்பில் பக்கத்தில் உட்கார்ந்தவள் சாயங்காலம் மந்தை ஓரத்தில் நடந்து போவாளே தவிர நிற்கமாட்டாள். அவளைக் கூப்பிடக் கூடாது என்று எங்களுக்கு வீட்டில் சொல்லியிருந்தார்கள். கிணறு, குளம், படித்துறை, சாலை, பொதுமக்கள் கூடும் இடம் எதிலும் சாதியைக் காரணம் காட்டி யாரையும் தடுக்கக் கூடாது என்று அரசியல் சட்டத்தின் 15-ஆவது பிரிவு 1950-லிருந்து சொல்லிக்கொண்டிருக்கிறது. ஆகவே மந்தையை விட்டுவையுங்கள் என்று நான் கேட்பது அந்தப் பழைய மந்தையை அப்படியே திருப்பித் தரச் சொல்வது இல்லை. தீர்மானம் போடும்போது இரண்டு பக்கத்துப் பிள்ளைகளும் பயமில்லாமல் வந்து சேரக்கூடிய இடமாகப் பாருங்கள். ஒரே இடம்தான் இருக்கிறது, அது ஊருக்குள்தான் இருக்கிறது என்றால், அங்கே காலனிப் பிள்ளைகளும் ஆடுவார்கள் என்பதை முதல் நாளே நீங்களே நின்று நடத்திக் காட்டுங்கள். தலைவரும் உறுப்பினர்களும் நிற்கிற இடத்தில் வாய் திறக்க மற்றவர்கள் யோசிப்பார்கள். காலனிக்குத் தனியாக ஒரு பொட்டலைக் காட்டிவிட்டு வேலை முடிந்தது என்று நினைக்காதீர்கள்.

பெண்பிள்ளைகள் கதையும் அப்படித்தான். சமைந்த மறுநாளிலிருந்து எனக்கு மந்தை இல்லை. அதற்கப்புறம் திண்ணையில் தட்டாங்கல்லும் பல்லாங்குழியும்தான். பதினாலு குழியில் ஐந்தைந்து புளியங்கொட்டை, கைவிரல் நுனியில் கணக்கு ஓடும். நல்ல விளையாட்டுத்தான். ஆனால் ஓடுகிற காலுக்கு அது ஈடாகாது. அண்ணன் மட்டும் ராத்திரி வரை கிளித்தட்டு ஆடிவிட்டு வந்த அந்த வருஷங்களை இன்றும் மனசு ஆறாமல்தான் நினைக்கிறேன். உள்ளாட்சியில் பெண்களுக்குச் சரிபாதி இடம் என்று தமிழ்நாட்டில் 2016-ல் சட்டம் ஆனது. தலைவர் நாற்காலியில் உட்கார்ந்திருக்கும் அக்காமார்களே, தங்கச்சிகளே, உங்களைத்தான் கேட்கிறேன். மைதானத்துக்கு ஒரு விளக்கு, பக்கத்தில் பூட்டாத ஒரு கழிப்பறை, ஊர் பார்வையில் படும் இடம். இந்த மூன்றும் இருந்தால் பதின்மூன்று வயதுப் பெண்ணை வீட்டில் பிடித்துவைக்கப் பெற்றவர்கள் சொல்லும் காரணங்களில் பாதி விழுந்துவிடும்.

அடுத்தது தண்ணீர். இதில் உயிர் சம்பந்தப்பட்டிருக்கிறது. ஒவ்வொரு கோடை விடுமுறையிலும் கண்மாயிலும் குளத்திலும் பிள்ளைகள் மூழ்கிய செய்தி வராமல் இருப்பதில்லை. எங்களுக்கு நீச்சல் சொல்லிக்கொடுத்தது பெரியவர்கள். இடுப்பில் தாம்புக் கயிற்றைக் கட்டிக் கிணற்றில் இறக்கிவிட்டு மேலே நின்று பிடித்துக்கொள்வார்கள். சிலருக்கு முதுகில் சுரைக்குடுக்கை. கொஞ்ச நாளில் கயிறு தளரும், அப்புறம் கயிறே வேண்டியிருக்காது. அந்தக் கிணறுகளில் பல இன்று வற்றிப்போய்விட்டன, சொல்லிக்கொடுத்த ஆட்களும் இல்லை. இன்றைய பிள்ளைக்கு நீச்சல் தெரியாது, ஆனால் தண்ணீரைப் பார்த்தால் வரும் ஆசை மட்டும் அப்படியே இருக்கிறது.

கண்மாயும் பழைய கண்மாய் இல்லை. முன்பு கரையிலிருந்து உள்ளே போகப்போக மெல்லத்தான் ஆழமாகும், எந்த இடத்தில் கழுத்தளவு என்று எங்களுக்குத் தெரியும். சவுடு மண்ணை அளவில்லாமல் அள்ளிய கண்மாயில் இடுப்பளவுத் தண்ணீரில் நடந்துகொண்டிருக்கும்போதே அடுத்த அடி இரண்டு ஆள் ஆழத்தில் போய்விடும். மழைக்குப் பிறகு மேலிருந்து பார்த்தால் எல்லாம் ஒரே சமமான தண்ணீர். குழி எங்கே என்று பிள்ளைக்கு எப்படித் தெரியும்? அனுமதிச் சீட்டில் இவ்வளவு ஆழம்தான் என்று வரம்பு இருக்கிறது. லாரி நிற்கும் நாளில் அளவுகோலோடு போய் நின்று பார்க்க வேண்டியவர்கள் நீங்கள். பள்ளிப் பிள்ளைகளுக்கு நீச்சலும் தண்ணீரில் எச்சரிக்கையாக இருப்பதும் கற்றுக்கொடுக்க வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனமே சொல்கிறது. மே மாதத்தில் நீச்சல் தெரிந்த இரண்டு மூன்று பேரை அமர்த்தி, ஆழம் தெரிந்த ஒரு ஊருணியில் கயிறு கட்டிப் பழக்கிவிட ஓர் ஊராட்சியால் முடியும். பெண்பிள்ளைகளுக்குத் தனி நேரம் ஒதுக்கி, ஒரு பெண்ணையே நிறுத்தினால் அவர்களும் வருவார்கள்.

கைவிட்ட ஆழ்துளைக் கிணற்றைப் பற்றி நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. 2019 அக்டோபரில் மணப்பாறைக்குப் பக்கத்தில் நடுக்காட்டுப்பட்டியில் இரண்டு வயதுக் குழந்தை விழுந்து, ஊர் உலகமே நாலு நாள் தூங்காமல் காத்திருந்தும் காப்பாற்ற முடியவில்லை. அதற்கு ஒன்பது வருஷம் முன்பே, 2010-ல், கைவிட்ட துளையை அடியிலிருந்து தரைமட்டம் வரை மண்ணும் கல்லும் போட்டு மூட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கிராமங்களில் அதைக் கண்காணிக்கும் பொறுப்பில் ஊராட்சித் தலைவரையும் சேர்த்தது. உங்கள் எல்லைக்குள் எத்தனை துளைகள் திறந்து கிடக்கின்றன என்று ஊரைச் சுற்றி ஒரு நாள் நடந்து பார்த்தால் தெரிந்துவிடும். சாக்கைப் போட்டு மூடி மேலே கல் வைத்திருப்பதை மூடியதாகக் கணக்கில் எடுக்காதீர்கள்.

இனி உங்கள் கையில் என்ன அதிகாரம் இருக்கிறது என்று பார்ப்போம். ‘நிலம் வருவாய்த்துறைக்குச் சொந்தம், நாங்கள் என்ன செய்ய முடியும்’ என்று சில தலைவர்கள் சொல்லிக் கேட்டிருக்கிறேன். மேய்ச்சல் நிலம், களம், மாட்டு மந்தை, வண்டி நிற்கும் இடம், தோப்பு போன்ற புறம்போக்குகளை எப்படிப் பயன்படுத்துவது என்று ஒழுங்குபடுத்தும் அதிகாரத்தை 1994-ஆம் ஆண்டு தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் ஊராட்சிக்குத் தந்திருக்கிறது. அதற்கு மேல், 2011 ஜனவரி 28 அன்று உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் மார்க்கண்டேய கட்ஜு, கியான் சுதா மிஸ்ரா ஒரு தீர்ப்புச் சொன்னார்கள். பஞ்சாபில் ஒரு ஊர்க் குளத்தை மண் போட்டு மேடாக்கி ஆக்கிரமித்துக் கட்டடம் எழுப்பிய வழக்கு அது. நாடு முழுக்க ஊர்ப் பொது நிலத்தை ஆக்கிரமிப்பிலிருந்து மீட்டுக் கிராம மக்களிடம் கொடுக்க எல்லா மாநிலங்களும் திட்டம் போட வேண்டும் என்றது நீதிமன்றம். ஊர்ப் பொது நிலம் காலங்காலமாக எதற்கெல்லாம் பயன்பட்டது என்று அந்தத் தீர்ப்பில் ஒரு வரிசை வருகிறது. மாடு தண்ணீர் குடிக்க, மேய, கதிர் அடிக்க, வண்டி நிறுத்த, பிணம் எரிக்க, புதைக்க என்று போகும் அந்த வரிசையில் பிள்ளைகள் விளையாடும் மைதானமும் இருக்கிறது. அதைப் படித்த அன்று எனக்கு ஏற்பட்ட சந்தோஷத்தைச் சொல்லி முடியாது. நிலமற்ற கூலிக்காரர்களுக்கும் தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும் அரசு கொடுத்த இடங்களையும், ஏற்கெனவே பள்ளி, மருந்தகம் போன்ற பொதுக் கட்டடம் இருக்கும் இடங்களையும் தீர்ப்பு விதிவிலக்காக வைத்தது. அது நியாயம். ஏழையின் குடிசையைப் பிரித்து மைதானம் போடச் சொல்லி நானும் கேட்கமாட்டேன்.

இருக்கிற நிலம் எது என்று கண்டுபிடிப்பதும் இப்போது சிரமம் இல்லை. கிராம நிர்வாக அலுவலரிடம் ஊர் நிலங்களின் விவரம் எழுதிய ‘அ’ பதிவேடு இருக்கிறது. அரசின் ‘எங்கிருந்தும் எந்நேரமும்’ இணையச் சேவையில் புல எண்ணைப் போட்டால் வீட்டிலிருந்தே பார்க்கலாம். பதிவேட்டில் களம் என்றும் மந்தை என்றும் இருக்கும் சில இடங்களில் போய்ப் பார்த்தால் சீமைக்கருவேலம் ஆள் நுழைய முடியாதபடி அடைத்துக்கொண்டு நிற்கும். யாரும் எடுத்துக்கொள்ளாமல், யாருக்கும் பயன்படாமல் கிடக்கிற அந்த இடங்களிலிருந்து தொடங்கலாம். முள்ளை வேரோடு எடுத்து, தரையைச் சமன் செய்து, ஓரத்தில் வேம்பும் புங்கையும் வைத்தால் வேலை முடிந்தது.

முன்பு சொன்ன விளக்கையும் கழிப்பறையையும் தவிர, அதற்கு மேல் ஒன்றும் செய்யாதீர்கள், தயவுசெய்து. இதை அழுத்திச் சொல்லக் காரணம் இருக்கிறது. நல்லது செய்கிறோம் என்று நினைத்து மந்தை முழுக்க பேவர் பிளாக் கல் பதித்துவிடுகிறார்கள். கல் பதித்த தரையில் கிட்டிப்புள்ளுக்குக் குழி தோண்ட முடியாது, கோலி ஓடாது, விழுந்தால் முட்டி பெயரும், வெயில் தணிந்த பிறகும் சூடு இறங்காது. இன்னும் சில ஊர்களில் வேலி போட்டு, இரும்புச் சறுக்குமரமும் ஊஞ்சலும் வைத்து, பூங்கா என்று பெயர்ப் பலகை எழுதி, சாவியை யாரிடமோ கொடுத்துவிடுகிறார்கள். சறுக்குமரம் ஐந்து வயதுக்கு மேல் அலுத்துப்போகும். வெறும் மண் தரை எந்த வயதிலும் அலுக்காது. 2024-ல் அரசு ஊராட்சிகளுக்கு விளையாட்டுக் கருவித் தொகுப்பு கொடுத்தது. நல்ல திட்டம். ஆனால் கைப்பந்து வலையைக் கட்ட இரண்டு கம்பம் நடுவதற்கு இடமில்லாத ஊரில் அந்தத் தொகுப்பு அறைக்குள்தான் இருக்கும்.

மந்தை ஏற்கெனவே முழுசாகப் போய்விட்ட ஊர்களுக்கு ஒரு வழி இருக்கிறது. 2009-ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம் ஒவ்வொரு பள்ளிக்கும் விளையாட்டு மைதானம் வேண்டும் என்கிறது. இருக்கிற பள்ளி மைதானங்கள் நாலு மணிக்குப் பூட்டப்படுகின்றன. தலைமையாசிரியரோடும் பள்ளி மேலாண்மைக் குழுவோடும் உட்கார்ந்து பேசி, மாலையிலும் விடுமுறை நாளிலும் வெளிக் கதவைத் திறந்துவைக்க ஏற்பாடு செய்யுங்கள். கட்டடத்துக்கும் மரத்துக்கும் என்ன ஆகுமோ என்று ஆசிரியர்கள் பயப்படுவார்கள். அந்தப் பயம் நியாயமானது. பொறுப்பை ஊராட்சி எழுத்தில் ஏற்றுக்கொண்டால் அவர்கள் சம்மதிப்பார்கள் என்று நம்புகிறேன்.

பிள்ளைகளிடம் கேட்க மறக்காதீர்கள். கர்நாடகத்தில் பிள்ளைகளுக்கென்றே தனிக் கிராம சபை நடத்துகிறார்கள். பள்ளிக்குப் போகும் வழியில் தெருவிளக்கு இல்லை, கழிப்பறையில் தண்ணீர் இல்லை, ஆட இடமில்லை என்று பிள்ளைகளே எழுந்து கேட்கலாம், ஊராட்சி பதில் சொல்ல வேண்டும். நம் ஊர்களில் அப்படித் தனிச் சபை இல்லாவிட்டாலும், கிராம அளவிலான குழந்தைகள் பாதுகாப்புக் குழு என்று ஒன்று இருக்கிறது. அதற்குத் தலைவர் ஊராட்சித் தலைவர்தான். அதில் இரண்டு பிள்ளைகளும் உறுப்பினர்களாக இருக்க வேண்டும். அந்தக் குழு கடைசியாக எப்போது கூடியது, அந்த இரண்டு பிள்ளைகள் யார் என்று உங்கள் பதிவேட்டைப் புரட்டிப் பாருங்கள். பெயர் இல்லையென்றால் இந்த மாதமே ஒரு பையனையும் ஒரு பெண்ணையும் சேருங்கள். ஓய்வும் விளையாட்டும் பிள்ளைகளின் உரிமை என்று சொல்லும் ஐ.நா. குழந்தைகள் உரிமை உடன்படிக்கையில் இந்தியா 1992-லேயே சேர்ந்தாயிற்று. அந்தக் கையெழுத்துக்கு உங்கள் ஊரில் அர்த்தம் வருவது உங்கள் கையில் இருக்கிறது.

கிராம சபை கூடும் நாள்கள் உங்களுக்கே தெரியும். ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. இதில் அடுத்து எது வருகிறதோ அன்றே தீர்மானத்தை வையுங்கள். வெறுமனே ‘விளையாட்டு மைதானம் அமைக்கப்படும்’ என்று எழுதினால் அடுத்த கட்டடத்தை அது தடுக்காது. புல எண், பரப்பு, நான்கெல்லை மூன்றையும் எழுதுங்கள். எல்லாத் தெருப் பிள்ளைகளுக்கும், ஆணுக்கும் பெண்ணுக்கும் பொது என்பதையும் எழுதுங்கள். வட்டாட்சியருக்கும் வட்டார வளர்ச்சி அலுவலருக்கும் நகல் அனுப்பி, இன்னொரு நகலைப் பள்ளிச் சுவரில் பிள்ளைகள் படிக்கிற உயரத்தில் ஒட்டுங்கள்.

எங்கள் ஊரில் மந்தை போய்விட்டாலும் கண்மாய்க்கரையை ஒட்டி ஒரு பழைய களத்துமேடு மிச்சம் இருக்கிறது. கதிர் அறுக்கும் இயந்திரம் வந்த பிறகு அங்கே யாரும் போரடிப்பதில்லை. அதன் புல எண்ணோடு ஒரு மனுவை வரும் கிராம சபையில் அண்ணனும் நானும் கொடுக்கப்போகிறோம். இரண்டு தெருவிலும் பிள்ளைகளிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டிருக்கிறோம்.

இப்படிக்கு,
சிவகங்கை மாவட்டத்துக் கிராமம் ஒன்றில் வளர்ந்த ஒருத்தி